ரைட்டு

சிவப்புக் கொடியை நீட்டிக்கொண்டு ஒருத்தன் நடுரோட்டில் வந்து நின்றான். வெயிலுமுத்து பிரேக்கை மிதித்தார். மிதிக்கும்போதே அடிவயிறு ஒருமுறை பிடித்து விட்டது. இங்கேதானா நிறுத்த வேண்டும் இவன். பதினாலு மாதமாக இந்த இடத்தைத் தொடாதவர் அவர். வள்ளியூருக்குப் போக வேண்டுமென்றாலும் ஊருக்குள் புகுந்து குளத்தங்கரை வழியாகச் சுற்றித்தான் போவார். இன்றைக்கு முடியவில்லை. மாவடிப்பொத்தை விலக்கு. நாலுவழிச்சாலையின் நடுத்திட்டு இங்கே நாற்பதடி நீளத்துக்கு அறுந்து கிடக்கும். யூ டர்ன் போடுகிற இடம். நீலப் பலகை, அதில் வளைந்து திரும்பும் வெள்ளை அம்பு. பலகை புதுசு. பழையது அன்றைக்கே மடங்கிப் போயிற்று. அதை நினைக்காதே. வலது ஓரத்துக்கு வந்தாயிற்று, இண்டிகேட்டர் போட்டாயிற்று, முப்பது மீட்டருக்கு முன்னாலேயே போட்டாயிற்று, எல்லாம் முறைப்படி. இனி அந்தக் கொடிக்காரன் கொடியைச் சுருட்ட வேண்டும். இடைவெளிக்குள் போய் நிற்க வேண்டும். பார்க்க வேண்டும். திரும்ப வேண்டும். திரும்பினால் அந்தப் பக்கம் கூப்பிடு தூரத்தில் தளவாய் வீடு. தளவாய் இல்லாத வீடு. அவன் பெண்டாட்டி உலகம்மாள் அங்கே காத்துக்கொண்டிருக்கிறாள். ஒரே ஒரு கேள்விதான் கேட்பாள். அன்னைக்கு அவுக சொன்ன ரைட்டு யாருக்குச் சொன்னது, அண்ணாச்சி? பதில் சொல்ல வேண்டும். அதற்குத்தான் இந்தப் பிரயாணம். இண்டிகேட்டர் டிக், டிக் என்று அடித்துக்கொண்டிருந்தது.

"என்ன மாமா, எல்லா வண்டியும் நிக்கி?" என்றாள் சக்தி. தளவாயின் ஒரே மகள். பிரம்மசக்தி என்று முழுப்பேர் சொல்லி அவளைக் கூப்பிட்டவன் தளவாய் ஒருத்தன்தான். பின்னால் உட்காரு என்று சொல்லித்தான் வெயிலுமுத்து பின்கதவைத் திறந்துவிட்டார். அவள் காதில் வாங்காதது மாதிரி முன்னால் ஏறிக்கொண்டாள். இடப்பக்க சீட்டு. அந்தப் பக்கக் கதவு மட்டும் வேறு வெள்ளை. எத்தனை கடை ஏறி இறங்கியும் அதே வெள்ளை கிடைக்கவில்லை. பெயிண்ட் அடிக்கிறவன் சொன்னான், வெயில் பட்டுப் பட்டு ஒண்ணாயிரும் பெருசு என்று. ஆகவில்லை. "காத்தாடி ரெக்கை வருது" என்றார். எதிர்ப்பக்கத்தில் வடக்கேயிருந்து அது வந்துகொண்டிருந்தது. காற்றாலையின் இறக்கை, ஒற்றை இறக்கை, நூற்றைம்பது அடிக்குக் குறையாது, ஒரு லாரி அதைப் படுக்கப்போட்டு இழுத்து வந்தது. இந்த இடைவெளியில்தான் திரும்பி இந்தப் பக்கம் வர வேண்டுமாம். முன்னால் ஒரு ஜீப், பின்னால் ஒரு ஜீப், ரோட்டில் ஆறேழு பேர், கையில் கொடி, வாயில் விசில். ஆனிக் காற்று கொடியைப் பிய்த்துக்கொண்டு போகப் பார்த்தது. பின்னாலிருந்த வேன்காரன் ஹாரனை அமுக்கிவிட்டுத் தலையை நீட்டினான். "இத்தா பெரிய ரெக்கைய வச்சிக்கிட்டு உருண்டா வருவானுவ? பறந்து வரச் சொல்லுங்கவே!" யாரோ சிரித்தார்கள். சக்தியும் சிரித்தாள். சிரித்தால் அவள் அப்பன் முகம். மேல்வரிசையில் ஒரு பல் உள்வாங்கியிருக்கும். வெயிலுமுத்து முகத்தைத் திருப்பிக்கொண்டார். ரோட்டில் ஒருத்தன் கையை ஆட்டி ஆட்டிக் கத்தினான். "ரைட்... ரைட்... ரைட்..." இடது கால் தானாகக் கிளட்சிலிருந்து எழும்பியது. வண்டி ஒரு சாண் நகர்ந்து குலுங்கி அணைந்தது. "மாமா?" என்றாள் சக்தி. "ஒண்ணுமில்ல" என்றார். கியரை நியூட்ரலுக்குத் தள்ளினார்.

ரைட் என்றால் அவருக்கு வலது இல்லை. சரி என்பதும் இல்லை. ரைட் என்றால் போ. முப்பத்தோரு வருசம் அரசு பஸ் ஓட்டிய கால் அது. காது கேட்டு, மூளைக்குப் போய், மூளை யோசித்து, அப்புறம் காலுக்கு வருகிற சோலியெல்லாம் கிடையாது. காதுக்கும் காலுக்கும் நேர்க் கம்பி. அந்த முப்பத்தொன்றில் இருபத்திரண்டு வருசம் கண்டக்டர் தளவாய். ஆள் வெடவெடவென்று இருப்பான், குரல் மட்டும் தகரத்தில் கல் விழுந்த மாதிரி. பின்படியில் தொங்கிக்கொண்டு வண்டியின் பக்கத்தில் இரண்டு தட்டுத் தட்டி, ரைட். அவ்வளவுதான். நிறுத்த வேண்டுமென்றால், ஓல்டான். இந்த இரண்டு வார்த்தையில் இருபத்திரண்டு வருசம் ஓடியது. டிரைவர் சீட்டில் இருப்பவனுக்கு வலப்பக்கம் தெரியும், முன்னால் தெரியும். இடப்பக்கம் தெரியாது. இடப்பக்கக் கண் கண்டக்டருக்கு. திரும்புகிற இடத்தில் தளவாய் இறங்கி ஓடுவான், ரோட்டின் நடுவில் நின்று வருகிறவனை எல்லாம் கைகாட்டி நிறுத்துவான், விசில், ரைட். வெயிலுமுத்து அந்தப் பக்கம் திரும்பிக்கூடப் பார்த்ததில்லை. பார்க்கணும் என்று தோன்றியதே இல்லை. ஒருநாள் சூப்பர்வைசர் கேட்டார், என்னய்யா நீ பாட்டுக்குக் கண்ணை மூடிக்கிட்டுத் திருப்புதே? தளவாய்தான் பதில் சொன்னான். "சார், டிரைவருக்குக் கண்ணு நான். எனக்குக் காலு டிரைவரு. நாங்க ரெண்டு பேரும் சேந்து ஒரு ஆளு. சம்பளம்தான் ரெண்டு." விபத்தில்லாமல் ஓட்டியதற்கு மூன்று தடவை மெடல் வாங்கினார் வெயிலுமுத்து. மூன்று தடவையும் தளவாய் மேடைக்குக் கீழே நின்று, "பாதிய வெட்டிக் கொடும்வே டிரைவரே" என்று கத்தினான். அந்த மெடல்கள் எங்கே. பீரோவில். எடுத்துப் பார்ப்பதில்லை. முப்பத்தோரு வருசம் ஒரு கோழிக்குஞ்சு சாகவில்லை. ரிட்டையர் ஆகி நாலாவது வருசம், சொந்தக் காரில், பட்டப்பகலில், இதே இடைவெளியில். பஸ்ஸில் தளவாய் பின்படியில் நிற்பான், விழுந்தால் எழுந்துவிடுவான். காரில் அவன் இடப்பக்கத்தில் இருந்தான். யூ டர்ன் போடும்போது எதிரே வருகிறவன் இடப்பக்கத்துக்கு வந்துவிடுவான். முன்னால் வந்துகொண்டிருந்தவன், வண்டி திரும்பத் திரும்ப, பக்கவாட்டுக்கு வருவான். பக்கத்தில் ஆள் உட்கார்ந்திருந்தால் அந்த ஆளே மறைப்பு. வருகிறவனை மறைப்பதும் அந்த ஆள்தான், அடி வாங்குவதும் அந்த ஆள்தான். இதைப் படித்தவன் எவனாவது எழுதி வைத்திருக்கிறானா? வைத்திருப்பான். குனிந்து பார், எட்டிப் பார், தெரியாவிட்டால் திரும்பாதே என்று எழுதி வைத்திருப்பான். லைசென்ஸ் வாங்குகிற அன்றைக்குப் படித்துவிட்டு அடுத்த நாள் எல்லாரும் மறந்து தொலைக்கிறோம்.

அன்றைக்குத் தளவாய் போனில் இருந்தான். அதுதான் சங்கதி. வள்ளியூரில் பென்சன் ஆபீஸ் வேலை முடிந்து திரும்புகிறார்கள். தளவாயை அவன் வீட்டில் விட வேண்டும். இடைவெளிக்குள் வண்டியைக் கொண்டுவந்து நிறுத்திவிட்டார் வெயிலுமுத்து. எதிரே வண்டி மேல் வண்டி. தளவாய் போனைக் காதில் வைத்து ம், ம் என்று கொட்டிக்கொண்டிருந்தான். அந்தப் பக்கம் யார் என்று இவர் கேட்கவில்லை. அவன் சொல்லவில்லை. திடீரென்று, ரைட்டு, ரைட்டு, என்றான். வண்டி கிளம்பியது. எதிரே வந்த டிப்பர்காரன் நாற்பதடிக்கு டயரைத் தேய்த்திருந்தான் பாவம். நிறுத்த முடிந்தால் நிறுத்தியிருப்பான். டிப்பர் நிற்கவில்லை, தளவாய் பக்கத்துக் கதவில் வந்து ஏறியது. ஆஸ்பத்திரி வாசலில் உலகம்மாள் ஓடி வந்து இவர் சட்டையைப் பிடித்துக்கொண்டாள். என்ன அண்ணாச்சி, என்ன ஆச்சு? வாயைத் திறந்தார். "தளவாய் ரைட்னான். எடுத்தேன்." அவ்வளவுதான் சொன்னார். பொய் இல்லை. அதையே போலீசிலும் சொன்னார். இன்ஸ்பெக்டர் சின்ன வயசுக்காரன், எழுதுவதை நிறுத்திவிட்டு ஏறிட்டுப் பார்த்தான். "பெரியவரே, ரூல்ல அப்படி ஒரு வார்த்தையே கிடையாது. யாரு சொன்னாலும் திருப்புறவன் பாத்துத்தான் திருப்பணும்." கேஸ் அவர் பேரில்தான். வாய்தா, வாய்தா என்று இழுக்கிறது. லைசென்ஸைப் பிடுங்கி வைத்து, போன மாதம்தான் கையில் கொடுத்தார்கள். அது போகட்டும். கோர்ட்டைப் பற்றி அவருக்கு ஒன்றும் பயமில்லை. ஆனால் உலகம்மாள் நம்பினாள். பதினாறாம் நாள் கழிந்து அவளே அவர் வீட்டுக்கு நடந்து வந்தாள். "அவுக சொன்னாவ, நீங்க எடுத்திய. இருவத்திரெண்டு வருசமா அப்படித்தான. உங்க மேல என்ன இருக்கு, அண்ணாச்சி? மனசப் போட்டு அலட்டிக்காதிய" என்றாள். பெண்டாட்டி செத்து ஒண்டிக்கட்டையாகக் கிடக்கிறவர் என்று சனிக்கிழமை தோறும் தூக்குவாளியில் குழம்பு கொடுத்துவிடுகிறாள். நேற்றுக்கூட வந்தது. சாளைக் குழம்பு. சாப்பிட்டார். நன்றாக இருந்தது. அந்தக் குழம்பை அவர் பதினாலு மாதமாகச் சாப்பிடுகிறார்.

"திரும்புது பாருங்க, மாமா" என்றாள் சக்தி. லாரியின் மூக்கு இடைவெளிக்குள் வந்துவிட்டது. பின்னால் இறக்கை வருகிறது, வருகிறது, முடிவதாக இல்லை. இந்தப் பக்கம் ஒருத்தன் நடுத்திட்டின் கல்லைப் பார்க்கிறான். அந்தப் பக்கம் ஒருத்தன் வாலைப் பார்க்கிறான். ஒருத்தன் சக்கரத்தோடு சக்கரமாகக் குனிந்து நடக்கிறான். ஓல்டான் என்று ஒரு குரல். எல்லாம் நின்றது. கைலியை மடித்துக் கட்டிக்கொண்டு லாரி டிரைவரே இறங்கி வந்தான், பின்பக்கம் வரை நடந்துபோய்ப் பார்த்தான், திரும்பி நடந்து வந்து ஏறினான். ஆறு பேர் கண்ணும் பத்தாமல் தன் கண்ணால் பார்த்துவிட்டு ஏறுகிறான். செய்வான். வெயிலுமுத்துக்கு எரிச்சல் வந்தது. யார் மேல் என்று தெரியவில்லை. "எவ்வளவு நேரம்வே?" என்று கண்ணாடியை இறக்கிக் கத்தினார். கொடிக்காரன் சாவகாசமாகச் சொன்னான், "அவசரம்னா நேத்தே வந்திருக்கணும், தாத்தா." கண்ணாடியை ஏற்றினார். சக்தி மடியில் கைப்பையை வைத்து அதன் வாரைத் திருகிக்கொண்டிருந்தாள். காலையிலேயே பஸ் பிடித்து அவர் வீட்டுக்கு வந்து, வாசலில் நின்று எல்லாவற்றையும் ஒரே மூச்சில் சொல்லியிருந்தாள். ஞானதுரை என்று ஒரு பையன். வேதக்காரப் பையன், சர்ச்சுக்குப் போகிற வீடு. காற்றாலையில் மேலே ஏறி வேலை பார்க்கிறவன். மூன்று வருசப் பழக்கம். அம்மைக்குத் தெரியாமல் அப்பாவிடம் முதலில் கேட்போம் என்று அன்றைக்குத்தான் போன் போட்டாளாம். அன்றைக்கு. எல்லாம் சொல்லி முடித்து, என்னப்பா சொல்லுதிய என்று கேட்டாளாம். அவள் அப்பன் முதலில் ம், ம் என்று மட்டும் கொட்டினாராம். அப்புறம், ரைட்டு, ரைட்டு, என்றாராம். அதுதான் கடைசி. "அம்மை நம்பமாட்டேங்கா, மாமா. உங்கப்பா சரின்னிருந்தா நான் குறுக்க நிக்கமாட்டேன், இப்பமே பூ வச்சிருதேன்னு சொல்லுதா. ஆனா ரைட்டுன்னது வண்டிக்குல்லாங்கா. வெயிலுமுத்து அண்ணாச்சியே சொன்னாவளேங்கா. அவுக வந்து எம்மூஞ்சியப் பாத்து இல்லைன்னு சொல்லட்டும், அப்பம் பாப்போம்ங்கா." இவ்வளவும் சொல்லிவிட்டு அவள் அழவில்லை. ஓடை மாதிரி ஒரு கோடு நெற்றியில் விழுந்தது, அவ்வளவுதான். "அப்பா கடைசியா எங்கிட்ட ஒரு வார்த்தை சொன்னாரு. அது எனக்கு வேணும், மாமா." சட்டையை மாட்டிக்கொண்டு சாவியை எடுத்தார் வெயிலுமுத்து. வேறென்ன செய்ய.

இப்போது அவள் மெள்ளச் சொன்னாள். ரோட்டைப் பார்த்துக்கொண்டே சொன்னாள். "நீங்க வேணும்னு சொல்லலைன்னு எனக்குத் தெரியும், மாமா. காதுல மாறி விழுந்திருக்கும். காதுல மாறி விழுந்திட்டுன்னு சொன்னாப் போதும். அம்மை உங்கள ஒண்ணும் நெனைக்கமாட்டா." நல்ல பிள்ளை. தப்பிக்க வழியும் அவளே வெட்டிக் கொடுக்கிறாள். காதில் மாறி விழுந்துவிட்டது. அறுபத்தாறு வயசுக் காது. யார் என்ன சொல்ல முடியும்? அவன் இவளிடம் சொன்னான், இவர் தன்னிடம் சொன்னதாக நினைத்தார், போயிற்று. பிள்ளைக்கும் அப்பன் வார்த்தை கிடைத்துவிடும். குழம்பும் சனிக்கிழமை வரும். சொல்லிவிடலாம். வாய்க்குள் ஒருமுறை சொல்லிப் பார்த்தார். காதுல மாறி விழுந்திட்டு, தாயி. நன்றாகத்தான் வருகிறது. எங்கேயோ ஒன்று இடிக்கிறது. எங்கே இடிக்கிறது என்று தெரியாத மாதிரி கொஞ்ச நேரம் ஸ்டியரிங்கைத் துடைத்தார். தெரியும். டு. அந்த டு. டியூட்டியில் தளவாய் வாயில் டு வந்ததே கிடையாது. ரைட். கத்தரித்த மாதிரி நிற்கும். வண்டிக்குச் சொல்லும் ரைட்டுக்கு வால் கிடையாது. டீக்கடையில் காசு நான் கொடுக்கேன் என்றால், ரைட்டு. பெண்டாட்டி போனில் பத்துச் சாமான் சொன்னால், ரைட்டு. ரைட்டுவே, ரைட்டும்மா, ரைட்டு, ரைட்டு. அது மனுசருக்கு. வண்டிக்கு அது இல்லை. இருபத்திரண்டு வருசம், ஒரு நாளைக்கு இருநூறு ஸ்டாப்பிங், எத்தனை ரைட் கேட்ட காது இது? அந்தக் காதுக்குத் தெரியாதா? விழுந்தது. டு விழுந்தது. இரண்டு தடவை விழுந்தது. இது நமக்கு இல்லை என்று காதுக்குத் தெரிந்தது. தெரிந்த பிறகுதான் கால் எழும்பியது. பின்னே ஆஸ்பத்திரி வாசலில் அந்த ஒரு எழுத்தை மட்டும் விழுங்கிவிட்டு மிச்சத்தைச் சொன்னார். தளவாய் ரைட்னான். பொய் இல்லையாம். வாயில் ஒரு எழுத்து குறைந்தால் பொய் இல்லையா?

அதோடு போச்சா? போகவில்லை. கண்ணாடித் தூளுக்கு நடுவில், இவர் காலடியில், அந்தப் போன் கிடந்தது. உடையவில்லை. எல்லாம் உடைந்தது, அது உடையவில்லை. உள்ளேயிருந்து சின்னதாக ஒரு குரல். கொசு மாதிரி. "தேங்ஸ்ப்பா. தேங்ஸ்ப்பா. எனக்குத் தெரியும்ப்பா நீங்க சரின்னுதான் சொல்லுவியன்னு." சிரிப்பும் அழுகையுமாக அந்தக் குரல். பக்கத்தில் தளவாய் தலை இவர் தோளில் சாய்ந்து கிடக்கிறது. தூங்குகிறவன் மாதிரி. பஸ் ஷெட்டில் மத்தியானம் சாய்ந்து தூங்குவானே, அதே மாதிரி. தோள் சூடாக நனைகிறது. கீழே அந்தக் குரல். "அப்பா? என்னப்பா சத்தம்? அப்பா?" வெயிலுமுத்து குனிந்து போனை எடுத்தார். காதில் வைக்கவில்லை. சிவப்பை அமுக்கினார். கட். அதை யாரும் கேட்கவில்லை இதுவரைக்கும். போன் எப்படிக் கட்டாச்சு என்று போலீஸ் கேட்கவில்லை, உலகம்மாள் கேட்கவில்லை, இவளும் கேட்கவில்லை. இடித்த இடியில் கட்டாகியிருக்கும் என்று நினைத்திருப்பார்கள். ராத்திரியில் இல்லை, பகலில்தான் அந்தக் குரல் வரும். பல் விளக்கும்போது. ரேஷன் கடை வரிசையில். தேங்ஸ்ப்பா. இப்போது அதே குரல் இடப்பக்கத்தில் உட்கார்ந்து, காதுல மாறி விழுந்திருக்கும், மாமா என்கிறது. மாறவில்லை, பிள்ளே. சரி, அப்படியென்றால் ஏன் எடுத்தே? சொல்லு. உனக்கு இல்லை என்று தெரிந்தும் ஏன்வே எடுத்தே? இங்கே வந்தால் எண்ணம் சட்டென்று திரும்பிவிடும். பதினாலு மாதமாக இந்த இடத்தில்தான் திரும்புகிறது. அதற்கு மேல் அவர் தன்னிடமே போனதில்லை.

விசில். நீளமாக ஒன்று. இறக்கையின் வால், காரின் முன்கண்ணாடிக்கு நேராக வானத்தைத் துடைத்துக்கொண்டு போனது. ஒரு நொடி காருக்குள் நிழல். அப்புறம் வெயில். கொடிக்காரன் கொடியைக் கக்கத்தில் வைத்துக்கொண்டு, போங்க போங்க என்று கையை வீசினான். வேன்காரன் இடப்பக்கமாக ஒதுங்கி உறுமிக்கொண்டு போனான். வெயிலுமுத்து வண்டியை ஸ்டார்ட் பண்ணினார். முதல் கியர். ஸ்டியரிங்கை ஒடித்தார். இடைவெளிக்குள் மூக்கை விட்டு, நடுத்திட்டின் அகலத்துக்குள் வண்டியை அடக்கி, நிறுத்தினார். அதே இடம். தாரில் இப்போது ஒன்றும் இல்லை, மேலே புதுசாக ஒரு பூச்சுப் போட்டுவிட்டார்கள். சக்தியின் போன் அடித்தது. எடுத்தாள். "ஆமாம்மா. வந்துட்டோம். எதுத்தாப்ல நிக்கோம்." அப்புறம், "சரிம்மா. சரி." சரி என்றுதான் சொன்னாள். வைத்துவிட்டு எட்டிப் பார்க்கப் போனாள். "மாமா, இப்பம்..." "நீ வாயத் தொறக்காத" என்றார். கத்திவிட்டார். அவள் வாயை மூடிக்கொண்டாள். பிறகு என்ன புரிந்ததோ, முதுகை சீட்டோடு ஒட்டி, தலையைப் பின்னுக்கு அழுத்தி, மூச்சைக்கூட இழுத்துக்கொண்டு, அவர் கண்ணுக்கு வழிவிட்டாள். கை மட்டும் அந்த வேறு வெள்ளைக் கதவின் பிடியை இறுக்கியிருந்தது. வெயிலுமுத்து மார்பு ஸ்டியரிங்கில் முட்டும்வரை முன்னால் குனிந்தார். பார்த்தார். ஒரு ஆம்னி பஸ். போனது. ஒரு பால் வண்டி. போனது. நடுத்திட்டை ஒட்டி எதிர்த்திசையில் ஒரு பைக்காரன் ராங் சைடில் வந்தான், இவரைப் பார்த்து ஹாரன் வேறு அடித்துக்கொண்டு. போகட்டும், சனியன். அப்புறம் ரோடு காலி. கண்ணுக்கு எட்டிய தூரம் கானல். காலியான ரோட்டைப் பார்க்கத்தான் பயமாக இருந்தது. வண்டி வரிசை ஓய்ந்து காலியாகத்தானே இருந்தது அன்றைக்கும், இவருக்குத் தெரிந்த வரைக்கும். இன்னும் பார்த்தார். பின்னால் எவனோ ஹாரன் அடித்தான். அடி. அடித்துச் சாவு. காதில் ஒரு குரலும் இல்லை. யாரும் போ என்று சொல்லாமல் ஒரு வண்டியைத் திருப்புவது எப்படி என்று கால் முழித்தது. மறுபடி ஒருமுறை பார்த்தார். கிளட்சை அவரே விட்டார். வண்டி மெதுவாக, கிழவன் எழுந்திருக்கிற மாதிரி, திரும்பியது. அந்த ரோட்டைக் கடக்க நாலு செகண்டு ஆகியிருக்கும். அந்த நாலு செகண்டும் வலது தோள் உலர்ந்திருந்தது, இடது தோள் நனைந்தது.

உலகம்மாள் வாசலுக்கு வெளியே வந்து நின்றிருந்தாள். காற்றுக்குச் சேலைத் தலைப்பை இடுப்பில் செருகியிருந்தாள். "வாங்க, அண்ணாச்சி. என்ன இப்படி வேர்த்துக் கெடக்கிய? உள்ள வாங்க. காப்பி போட்டு வச்சிருக்கேன்."

"இருக்கட்டும்" என்றார். படி ஏறவில்லை. சக்தி காரின் பக்கத்திலேயே நின்றுவிட்டாள்.

"என்ன அண்ணாச்சி, வெயில்ல நின்னுக்கிட்டு? இந்தக் கழுதை ஏதாவது சொல்லி உங்கள இழுத்துக்கிட்டு வந்திருப்பா. நான் அவகிட்டச் சொல்லிட்டேன், உங்கள சங்கடப்படுத்தாதன்னு. அவுக வண்டிக்குத்தான..."

"வண்டிக்கு இல்ல" என்றார் வெயிலுமுத்து. "ரைட்டுன்னது பிள்ளைக்கு. கல்யாணத்துக்குச் சொன்னான். நான் கேட்டேன். அவ தேங்ஸ்ப்பான்னது வரைக்கும் எனக்குக் கேட்டுச்சி. போனக் கட் பண்ணது நாந்தான்."

பின்னால் சக்தி என்னவோ சத்தம் போட்டாள். வார்த்தை இல்லை. உலகம்மாள் மகளைப் பார்த்தாள். பிறகு, "அடுத்த ஞாயித்துக்கிழமை அந்தப் பயல வரச் சொல்லு. அவன் அம்மையையும் கூட்டிக்கிட்டு வரட்டும்" என்றாள். குரல் உடையவில்லை. இடுப்பில் செருகியிருந்த தலைப்பை எடுத்து முகத்தை ஒருமுறை துடைத்தாள். துடைத்துக்கொண்டிருந்த கை பாதியில் நின்றது.

"அப்பம் உங்களுக்கு யாரு சொன்னா, அண்ணாச்சி?"

காதுல மாறி விழுந்திட்டு. நாக்கு நுனியில் தயாராக இருந்தது. பிள்ளை வேறு பின்னால் நின்று அதையே சொல்லச் சொல்லிக்கொண்டிருக்கிறாள், வாயைத் திறக்காமல்.

"யாரும் சொல்லல, தாயி" என்றார். "அரைமணி நேரமா ஒண்ணுக்கு முட்டிக்கிட்டு நின்னுச்சி. சுகர்காரன். அடக்க முடியல. அவன் ரைட்டுன்னான். எனக்கில்லைன்னு தெரிஞ்சிது. எடுத்திட்டேன்."

ரோட்டில் அந்த இறக்கை லாரியின் விசில் எங்கேயோ தூரத்தில் கேட்டது. உள்ளே அடுப்பில் எதுவோ பொங்கி வழிகிற வாடை வந்தது. உலகம்மாள் இறக்கி வைக்கப் போகவில்லை. இருபத்திரண்டு வருசமும் ரிட்டையர் ஆன பிறகு நாலு வருசமும் எத்தனை தடவை இந்த வாசலிலிருந்து கிளம்பியிருப்பார் வெயிலுமுத்து. ஒவ்வொரு தடவையும் அவள் கதவுவரை வந்து, போயிட்டு வாங்க, அண்ணாச்சி என்பாள். பிணத்தை எடுத்த அன்றைக்கும் அழுகைக்கு நடுவில் அதைச் சொன்னாள்.

"போங்க" என்றாள்.

அவர் போனார்.